காசிக் கம்பளம்

அழுத்த வேண்டும், தேய்க்கக் கூடாது. தேய்த்தால் கம்பளி திரண்டு உருண்டை உருண்டையாகிவிடும், அது எனக்கு நன்றாகத் தெரியும், எனக்கு எல்லாமே தெரியும், மறதி என்ற ஒன்று எனக்குக் கிடையவே கிடையாது. இதைத்தான் சாயங்காலம் மகள் பூங்கோதை பெங்களூரிலிருந்து வந்து இறங்கியதும் அவளிடம் சொல்ல வேண்டும், இதைத்தான் சொல்லவும் முடியாது. கிணற்றடிச் சிமெண்டுத் தரையில் கம்பளத்தை விரித்துப் போட்டு, முக்காலியில் உட்கார்ந்து, ரப்பர் குழாயில் தண்ணீரை மெதுவாக விட்டுக்கொண்டிருக்கிறேன். பச்சைத் தண்ணீர்தான். வெந்நீர் பட்டால் சுருங்கிவிடும். மாயவரத்து வீடு இது, கொல்லையில் உட்கார்ந்தால் வாசல் வரைக்கும் நேராகத் தெரியும். வாசலில் ஈஸிசேரில் அவர், என் வீட்டுக்காரர், பேப்பரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். காலையிலிருந்து ஒரே பக்கம். அவ்வளவு ஆழமாகப் படிக்க நாட்டில் அப்படி என்ன நடந்துவிட்டது என்று கேட்கலாம், வேறொரு நாளாக இருந்தால் கேட்டிருப்பேன். இன்றைக்குக் கேட்டால் அவர் என் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்கும். பார்க்க வேண்டாம். பேப்பரே இருக்கட்டும். தண்ணீர் கம்பளத்துக்கு அடியிலிருந்து வெள்ளையாக வருகிறது, இன்னும் பவுடர் போகவில்லை, இன்னும் விட வேண்டும், தண்ணீரில் கஞ்சத்தனம் பார்த்தால் கம்பளம் போய்விடும், கம்பளம் போனால் போகட்டும், அவள் கேட்கப்போகும் கேள்வி போகாதே.

விடியற்காலையில், பால்காரர் மணி அடிப்பதற்குச் சற்று முன்னால், நான் முழித்துக்கொண்டுதான் படுத்திருந்தேன். அவர் எழுந்து போனது தெரியும். அவர் கால் கூடத்துக்கு வந்து நின்றதும் தெரியும். பாத்ரூம் சமையலறைக்குப் பின்னால் இருக்கிறது, நாங்கள் இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து அங்கேதான் இருக்கிறது, அது எங்கேயும் போகவில்லை. நின்றவர் ஒரு தடவை இந்தப் பக்கம் திரும்பினார், ஒரு தடவை அந்தப் பக்கம். அப்புறம் "அபயம்" என்று என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். யாரையும் எழுப்பிவிடக் கூடாது என்கிற மாதிரி அவ்வளவு மெதுவாக. எனக்குக் கேட்டது. நான் எழுந்திருக்கவில்லை. எழுந்து விளக்கைப் போட்டிருந்தால் அவர் முகத்தை நான் பார்த்திருப்பேன், நான் பார்த்ததை அவர் பார்த்திருப்பார். வைத்தியலிங்கம் வருகிறார் என்றால் ஓட்டல்காரர்கள் சட்டியைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்து நிற்பார்கள், சானிட்டரி இன்ஸ்பெக்டர் என்றால் அப்படி ஒரு இன்ஸ்பெக்டர். அந்த மனிதர் தன் வீட்டுக் கூடத்தில் வழி தெரியாமல் நிற்கிறார் என்றால் அதை நான் எந்தக் கண்ணால் பார்ப்பது. கண்ணை இறுக்கி மூடிக்கொண்டேன். நின்ற இடத்திலேயே அவர் போனது கம்பளத்தில் விழுந்ததால் சத்தம்கூடச் சரியாக வரவில்லை. கூப்பிட்டபோது போயிருக்க வேண்டுமா? போகாதது நல்லதுதானே? போயிருந்தால் கையைப் பிடித்து அழைத்துப் போயிருக்கலாம், ஒன்றும் ஆகியிருக்காது, கம்பளம் காய்ந்தபடியே கிடந்திருக்கும். இல்லை, போகாதது நல்லதுதான். இல்லை. காலையிலிருந்து இதே இடத்தில்தான் சுற்றிச் சுற்றி வருகிறேன், செக்கு மாடு மாதிரி.

அதோடு விட்டிருந்தால் சோடா உப்பைத் தூவி, பழைய வேட்டியால் ஒற்றி எடுத்து, ஒரு மணி நேரத்தில் காரியத்தை முடித்திருப்பேன். அவரா விடுகிறவர். ஸ்டோர் ரூம் கதவு திறந்தது, தகர டப்பா மூடி கழன்றது, அப்புறம் இருமல் ஆரம்பித்தது. அப்போதுதான் ஓடினேன். கூடமெல்லாம் காரமாக ஒரு நெடி, ஜன்னல் எல்லாம் மூடிக் கிடக்கிறது, கம்பளத்தின் மேல் கோலமாவு கொட்டின மாதிரி ப்ளீச்சிங் பவுடர், அதற்கு நடுவில் வேட்டி நுனியை மூக்கில் வைத்துக்கொண்டு அவர். கண்ணில் தண்ணீராகக் கொட்டுகிறது. "கூஜாத் தண்ணி கொட்டிடுச்சு, கிருமி வந்துடக் கூடாதேன்னு..." என்றார். "நான்தாங்க கூஜாவை மூடாம வெச்சுட்டேன்" என்றேன். யோசித்துச் சொல்லவில்லை, அதுவாக வந்தது. கூஜா அலமாரியில் மூடியபடி இருந்தது, இரண்டு பேரும் அதைப் பார்க்கவில்லை. அவரை வாசலுக்கு இழுத்துப் போய்க் காற்றில் உட்காரவைத்து, குடம் குடமாகத் தண்ணீர் எடுத்துக் கண்ணைக் கழுவிவிட்டு, ஜன்னல் கதவெல்லாம் திறந்து போட்டு, இருமல் அடங்கின பிறகுதான் என் மூச்சு எனக்கு வந்தது. அந்த நெடி போவதற்காகத்தான் வினிகர் பாட்டிலை எடுத்தேன். எந்த நாற்றமாக இருந்தாலும் வினிகர் தெளிம்மா என்று பூங்கோதை வாங்கி வைத்துவிட்டுப் போனது. மூடியைத் திறந்து கம்பளத்துக்கு மேலே கையைக் கொண்டு போய்விட்டேன், அப்போது அவர் குரல் காதில் கேட்டது. இப்போதைய குரல் இல்லை, பழைய குரல், பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போய்ப் பேசுவாரே அந்தக் குரல். "ப்ளீச்சிங் பவுடரும் புளிப்பும் மாமியார் மருமக மாதிரி. ஆசிடோ வினிகரோ, ஒரே ரூம்ல சேர்த்து வெச்சா விஷப்புகை வரும், ஆளையே கொல்லும்." பிள்ளைகள் சிரிக்கும், டீச்சரம்மாக்கள் இன்னும் அதிகமாகச் சிரிப்பார்கள். பாட்டிலை மூடி வைத்தேன். அந்தக் குரலைக் கேட்டபடியே முகத்தில் துணியைக் கட்டிக்கொண்டு, கம்பளத்தைச் சுருட்டிக் கொல்லைக்கு இழுத்து வந்து, தண்ணீர் படுவதற்கு முன்னால் காய்ந்த பவுடரையெல்லாம் தென்னந்துடைப்பத்தால் கூட்டித் தள்ளினேன். பார்த்தாயா பூங்கோதை, உன் அம்மாவுக்கு மறதி என்றால் இந்நேரம் அவள் பிணமாகக் கிடந்திருப்பாள். இதையும் அவளிடம் சொல்ல முடியாது.

மறதி என்று அவள் முடிவு கட்டினதில் தப்பு அவள் மேல் இல்லை. பொங்கலுக்கு வந்திருந்தபோது கேஸ் அடுப்பு திறந்தே கிடந்தது, வீடெல்லாம் வாடை. "யாரும்மா திறந்து விட்டது?" "நான்தான்டி, பாலை வைக்கலாம்னு போய் மறந்துட்டேன்." மறுநாள் மாடித் தொட்டித் தண்ணீர் முழுக்கக் கொல்லையில் ஓடிக் கிடந்தது. "நான்தான்டி." வாசல் சாவி அரிசி டின்னுக்குள் இருந்தது. "நான்தான்டி." மூன்று தடவையும் அவர் அங்கேதான் நின்றுகொண்டிருந்தார், மூன்று தடவையும் பேசாமல்தான் நின்றார், மூன்று தடவையும் அவர் கழுத்து நரம்பு இறங்கினதைப் பார்த்து எனக்கு அப்பாடா என்று இருந்தது. நல்லது செய்கிறோம் என்றுதான் நினைத்தேன். போன வாரம் போனில் சொல்கிறாள், "அம்மா, உனக்கு ஆரம்பிச்சிருக்கு. பயப்படாத, இப்பல்லாம் நல்ல டாக்டருங்க இருக்காங்க. நான் உன்னை எங்கூடக் கூட்டிட்டு வந்துடறேன். அப்பா தம்பி வீட்ல இருக்கட்டும், ஓசூர் ஒண்ணும் தூரமில்ல." அவருக்குப் போன் சத்தமாக இருந்தால்தான் கேட்கும் என்று எப்போதும் ஸ்பீக்கரில் போடுவோம். கேட்டுக்கொண்டுதான் இருந்தார். முறத்தை எடுத்து வைத்துக்கொண்டு உளுந்தில் கல் பொறுக்க ஆரம்பித்தார், கடையில் வாங்கின உளுந்தில் இப்போது ஏது கல். ஓசூரில் மருமகளுக்கு இவர் இரவில் எழுந்திருப்பது தெரியுமா? எந்தப் பக்கம் பாத்ரூம் என்று யாரைக் கேட்பார்? புது வீட்டில், புது இருட்டில், மருமகள் பெயரையா கூப்பிடுவார்? இதை நினைத்தால் கை நின்றுவிடுகிறது. தண்ணீர் தெளிந்துவிட்டது. குழாயை மூட வேண்டும். மூடிவிட்டேன். மூடினேனா என்று திரும்பிப் பார்க்கிறேன். மூடித்தான் இருக்கிறது.

இனி பூந்திக்கொட்டை. இரவே வேறு எதற்கோ ஊறப் போட்டது நல்லதாகப் போயிற்று, பட்டுப் புடவைக்கு என்று நினைக்கிறேன், ஆமாம், பட்டுப் புடவைக்குத்தான். கசக்கினால் வெண்மையாக நுரை வருகிறது. சோப்புத்தூள் கம்பளிக்கு ஆகாது, காரம் அதிகம். எடுத்த எடுப்பில் ஊற்றிவிடவும் கூடாது. ஒரு மூலையில் நுரையைத் தொட்டு வைத்து, வெள்ளைத் துணியால் ஒற்றிப் பார்த்தேன், சிவப்பு ஏறவில்லை, சாயம் நிற்கிறது. நல்ல சாயம். காசியில் வாங்கினது. சுற்றுலா ரயிலில் போய், கங்கையில் குளித்து, கோயிலெல்லாம் முடித்துவிட்டு வரும் வழியில் ஒரு கடைக்குக் கூட்டிப்போனார்கள். ஆள் படுக்கிற அளவுக்கு அடர்ந்த சிவப்பு, ஓரத்தில் நீலம். எனக்குப் பிடித்துவிட்டது, வாயைத் திறந்து கேட்கவில்லை. அவரோ ஒரு நூலைப் பிய்த்துத் தீக்குச்சியால் கொளுத்தி மோந்து பார்த்தார். "முடி கருகின வாசனை வருது, அசல் கம்பளி" என்றார் கடைக்காரரிடம் தமிழில். கடைக்காரர் முகம் போன போக்கு. இதில் ப்ளீச்சிங் பவுடர் மட்டும் படவே கூடாது, கம்பளியையே அரித்துவிடும் என்று ஊர் வந்து சேருகிறவரை எனக்குப் பாடம் நடத்தினார். அந்த ஆள்தான் இன்றைக்கு டப்பாவைக் கவிழ்த்தவர். எங்கே போயிற்று அந்தப் பாடம், எந்த அரிசி டின்னுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. காசிக்குப் போனால் பிடித்ததை விட்டுவிட்டு வர வேண்டும் இல்லையா, நான் பலாப்பழத்தை விட்டேன், இன்றைக்கு வரைக்கும் தொட்டதில்லை. அவர் பூசணிக்காயை விட்டார். பூசணிக்காயை அவர் சாப்பிட்டதே கிடையாது. படித்துறையில் நின்று சண்டை போட்டேன். "அதெல்லாம் கணக்குல வராது, பிடிச்சதை விடணும். உங்க வீம்பை விட்டுட்டு வாங்க." அவர் சிரித்தார். "அதை விட்டா அப்புறம் நான் யாருடி?" என்றார். பதில் சொல்லத் தெரியாமல் நானும் சிரித்தேன். படகுக்காரரும் எதற்கென்று தெரியாமல் சிரித்தார்.

நுரையைக் கையால் பரப்பி அழுத்துகிறேன், முடி போகிற பக்கமாகவே அழுத்துகிறேன். இங்கேதான் பூங்கோதை பேரனைப் போட்டுத் தூங்கவைத்தாள், இங்கேதான் அவர் மத்தியானத்தில் தலைக்குக் கையை வைத்துப் படுப்பார். நடுவில் முறத்தளவுக்கு ஒரு இடம், சிவப்பு போய் மஞ்சள் தட்டி வெளுத்துவிட்டது. விரலால் தொட்டால் நூல் சொரசொரவென்று இருக்கிறது. இது இனி வராது, எந்தத் தண்ணீருக்கும் வராது. மேலே மேஜையைப் போட்டு மறைக்கலாமா? பூங்கோதை மேஜைக்கு அடியில் முதலில் பார்க்கிற ஜாதி, அப்பாவைக் கொண்டு பிறந்தவள். மெத்தென்ற பிரஷ் ஒன்று வைத்திருந்தேன், அதை எங்கே வைத்தேன்? துவைகல் மேல் இல்லை. வாளிக்குள் இல்லை. முக்காலிக்கு அடியில், கிணற்றுச் சுவர் மேல், இல்லை. இப்போதுதானே கையில் இருந்தது. இப்போதுதானா? மறந்துட்டேன் மறந்துட்டேன் என்று இத்தனை தடவை சொன்னால் உண்மையிலேயே வந்துவிடுமா? பட்டுப் புடவைக்குத்தானா பூந்திக்கொட்டை? எந்தப் பட்டுப் புடவை? அவள் சொல்கிறது நிஜமாக இருந்து, எனக்குத்தான் தெரியவில்லையோ? கேஸைத் திறந்தது அவர்தான் என்று எனக்கு எப்படித் தெரியும்? பார்த்தேன். பார்த்தேனே, அவர் அடுப்படியிலிருந்து வெறுங்கையோடு திரும்பி வந்ததைப் பார்த்தேனே. பிரஷ் என் இடுப்பில் செருகியிருக்கிறது. சிரிப்பு வருகிறது, கூடவே கண்ணும் நனைகிறது, பயம்தான், வேறொன்றுமில்லை. வடிகட்டின பயம். எனக்கு டாக்டர் ஊசி போடுவார் என்று பயமில்லை, பெங்களூர்க் குளிர் பயமில்லை. அவர் ஒரு ஊரில் முழித்துக்கொண்டு, நான் ஒரு ஊரில் முழித்துக்கொண்டு, இடையில் கூப்பிட்டால் கேட்காத தூரம். அது ஒன்றுதான்.

நல்ல தண்ணீர் விட்டு நுரையெல்லாம் போக அலசினேன். ஊறின கம்பளம் பிணக்கனம் கனக்கும், ஒரு ஆள் தூக்கினால் இடுப்பு போய்விடும். முறுக்கிப் பிழியவும் கூடாது. பழைய போர்வையை மேலே போட்டு இரண்டையும் சேர்த்துச் சுருட்டி அழுத்த வேண்டும், அதற்கு இரண்டு ஆள் வேண்டும். கூப்பிடலாமா வேண்டாமா என்று நான் யோசித்துக்கொண்டிருக்கும்போதே செருப்புச் சத்தம். பேப்பரை வைத்துவிட்டு வந்து நிற்கிறார், கண் இன்னும் சிவப்பாக இருக்கிறது. குனிந்து அந்தப் பக்கத்து ஓரத்தைப் பிடித்தார். நான் இந்தப் பக்கம். கல்யாணமான புதிதில் புடவை மடிக்க நான் கூப்பிட்டால், ஒரு தடவை மடித்து என் கிட்டே வரும்போது வேண்டுமென்றே நுனியை விட்டுவிடுவார், மறுபடி முதலிலிருந்து மடிக்க வேண்டும் என்பதற்காக. இப்போது விடவில்லை. கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். சுருட்டி, முழங்காலால் அழுத்தி, தண்ணீர் வடிய வடிய மறுபடி அழுத்தினோம். "வெயில்ல போடாத, மாமரத்தடியில போடு. மடிப்பு விழாம பார்த்துக்கோ" என்றார். மாமரத்தடிக் கட்டைச்சுவர் மேல் இரண்டு பேருமாகத் தூக்கிப் போட்டோம். போடும்போது அந்த வெளுத்த இடம் அவர் பக்கமாகத் தொங்கியது. ரொம்ப நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். "அபயம்" என்றார். "சொல்லுங்க" என்றேன். "நல்லாக் காயணும். ஈரத்தோட விரிச்சா பூசணம் பிடிக்கும்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார். அது சொல்ல வந்தது இல்லை. எனக்குத் தெரியாதா.

கார் வந்து நின்றபோது வெயில் இறங்கியிருந்தது. பூங்கோதை பையைக்கூடக் கீழே வைக்காமல் என் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு கண்ணுக்குள் பார்த்தாள், நான் யார் என்று எனக்குத் தெரிகிறதா என்று பார்க்கிற பார்வை. தங்கமான பெண். அதனால்தான் தாங்க முடியவில்லை. அப்புறம் வெறும் தரையைப் பார்த்தாள். "கம்பளம் எங்கம்மா?" நான் பதில் தேடுவதற்குள் கொல்லைக்குப் போய்விட்டாள், அவளுக்குப் பின்னால் நான். மாமரத்தடியில் நின்று அந்த வெளுத்த இடத்தைத் தொட்டு, விரலை மோந்து பார்த்தாள். "ப்ளீச்சிங் பவுடரா? கம்பளியிலயா? அம்மா..." கோபப்பட்டிருந்தால் சமாளித்திருப்பேன். குழந்தையிடம் பேசுகிற குரலில் பேசினாள். என்ன சொல்ல வேண்டும் என்று நாளெல்லாம் யோசித்தவள் நான். வாயைத் திறந்தேன், "நான்தான்டி" என்று வந்து விழுந்தது. நாக்குக்குப் பழகிப்போய்விட்டது.

"அவ இல்ல."

கொல்லை வாசற்படியில் அவர் நின்றுகொண்டிருந்தார். வீட்டில் பனியனோடு இருக்கிறவர், வெள்ளைச் சட்டை போட்டு மேல் பொத்தான் வரைக்கும் மாட்டியிருந்தார், தலையைத் தண்ணீர் தொட்டு வாரியிருந்தார். எப்போது போய்ச் செய்தார் என்று தெரியவில்லை. "பூங்கோதை, கேட்டுக்கோ. விடியக்காலையில நான்தான் அதுல ஒண்ணுக்குப் போயிட்டேன். பாத்ரூம் எந்தப் பக்கம்னு தெரியல. நம்ம வீட்டுலயே தெரியல. பவுடர் கொட்டினது நான். கேஸு, தண்ணி, சாவி, எல்லாம் நான்." ஓட்டலைச் சோதனை போட்டுவிட்டு என்னென்ன குறை என்று சொல்வாரே, அதே குரல். "உங்கம்மாவுக்கு மறதி கிறதி ஒண்ணும் கிடையாது. அவளுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கு. டாக்டர்கிட்ட நான் வரேன். ஆனா அவளையும் கூட்டிட்டுத்தான் வருவேன். எந்த ஊரா இருந்தாலும் ராத்திரியில பாத்ரூம் எங்கன்னு அவளைத்தான் கேக்கணும்."

பூங்கோதை "அப்பா" என்றாள். போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். "ரெண்டு பேரும் சேர்ந்தே வாங்கப்பா. சேர்ந்தே இருங்க" என்றாள். நான் அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். காசியில் நான் விடச் சொன்ன வீம்பைக் கொல்லை வாசற்படியில் நின்று விட்டுவிட்டார். அதை விட்ட பிறகும் மேல் பொத்தான் வரைக்கும் அவர் அவராகத்தான் இருந்தார், அன்றைக்குப் படித்துறையில் எனக்குச் சொல்லத் தெரியாமல் போன பதில் அதுதான்.

படி இறங்கி என் பக்கம் வந்தார். "விடியக்காலையில கூப்பிட்டேனே, கேட்டுதா?" என்றார், மகளுக்குக் கேட்காத குரலில்.

பொய் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. "கேட்டுது" என்றேன்.

"இனிமே கூப்பிட்டா எழுந்து வந்துடு."

"வந்துடறேன்."

தலையை ஆட்டிக்கொண்டார். கம்பளத்தைத் தொட்டுப் பார்த்தார், இன்னும் ஈரம் இருந்தது, நாளைக்கும் காய வேண்டும். "மாசிப் பனி விழும், உள்ள எடுத்துடலாம்" என்றார். "நீ அந்தப் பக்கம் பிடி."